ஆலமரத்தில் கட்டிய நேத்துகள்

சாணியை உருட்டிச் சுவரில் அடித்துக்கொண்டேதான் சொல்வேன், கை நின்றுவிட்டால் எனக்கு வாய் வராது, நாலு பேர் முன்னால் நின்று பேசிப் பழக்கமில்லாதவள், ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள். இது பால் சங்கத்துச் சுவர். இதற்கு வெள்ளையடித்து இதில்தான் ஞாயிற்றுக்கிழமை தோறும் தாரிணி படம் காட்டினாள், தொழுவத்தெரு மொத்தமும் பாய் விரித்து உட்கார்ந்து பார்த்தது, அந்த வெள்ளையின் மேல்தான் இப்போது கீழிருந்து கை எட்டும் உயரம் வரைக்கும் வறட்டி தட்டிக்கொண்டிருக்கிறேன், தடுக்க யாரும் வரவில்லை. கிட்டே வந்தால் நான் வாயைத் திறப்பேன் என்று அவர்களுக்குப் பயம், இந்த வாய் எதைத் தின்றது என்று அவர்களுக்குத் தெரியும். சாணிக்கு நான் ஒருநாளும் முகம் சுளித்ததில்லை. நேற்று புல்லாக இருந்தது, நாளை அடுப்பில் நெருப்பாக இருக்கப்போகிறது, அதில் அருவருக்க என்ன இருக்கிறது. எனக்குக் குடலைப் புரட்டியது வேறு.

ஊர் ஊராகப் போய்ப் படமெடுக்கிற தாரிணி பங்குனி வெயிலில் வந்தாள், எருமைகள் குளத்தை விட்டு ஏற மாட்டேன் என்று அடம் பிடிக்கிற வெயில். பால் சங்கத் தலைவர் பரமகுரு வீட்டு மாடியறையில் தங்கினாள். உள்ளங்கையில் அடங்குகிற கேமரா ஒன்று வைத்திருந்தாள், அதைத் தூக்கிக்கொண்டு தெருவில் நடந்துகொண்டே இருப்பாள். கல்யாணத்தை எடுக்கமாட்டாள், கோயில் கொடையை எடுக்கமாட்டாள். பால் கேன் மூடியில் உட்கார்ந்த ஈயை எடுப்பாள், கால் கழுவின தண்ணீர் மண்ணில் ஓடுவதை எடுப்பாள், பேன் பார்க்கிற விரலை எடுப்பாள், ஒரு மாடு அசை போடுவதை அது முடிக்கிற வரைக்கும் குந்தி உட்கார்ந்து எடுப்பாள்.

"விசேஷத்த எல்லாரும் எடுக்கிறாங்க. சும்மா போற நாளத்தான் யாரும் எடுக்கிறதில்ல. இது எனக்கு டைரி மாதிரி" என்றாள்.

"டைரின்னா எழுதிட்டுப் போக வேண்டியதுதானே. நான் பல்லு வெளக்குறது உனக்கு எதுக்குடியம்மா" என்றாள் ராசாக்கிளி அக்கா. அவள் எங்கள் பக்கத்து வீடு, அவள் பேச்சுக்குப் பயந்து காக்கையும் அவள் வீட்டுக் கூரையில் உட்கார யோசிக்கும்.

முதல் ஞாயிற்றுக்கிழமை சுவரில் படம் ஓடியபோது பரமகுரு தன் பின்மண்டையைத் தானே முதல் தடவையாகப் பார்த்தார். "என் பின்மண்டை இவ்வளவு மோசமாவா இருக்கு" என்றார். அவர் பெண்டாட்டி, "கல்யாணம் ஆன நாள்லேர்ந்து நான் அதத்தானே பாத்துக்கிட்டு நடக்கிறேன்" என்றாள். தெருவே சிரித்தது, நானும் முந்தானைக்குள் சிரித்தேன், அப்போது எனக்கு ஒன்றும் தெரியாது.

மறுநாள் காலையில் ராசாக்கிளி அக்கா எழுந்தபோது அவள் பாயோரம் ஒன்று கிடந்தது. பாம்புச் சட்டை என்று நினைத்துக் கம்பை எடுத்தாள். பாம்புச் சட்டை உலர்ந்திருக்கும், இது ஈரம். காய்ச்சின பாலின் மேல் படிகிற ஏடு மாதிரி மெல்லிசு, ஆனால் ஒரு ஆள் நீளம், தொட்டால் விரலோடு ஒட்டிக்கொண்டு வந்தது, மோந்தால் முந்தின நாள் வேர்வையும் ஊசின குழம்பும் தலை எண்ணெயும் கலந்த ஒரு நெடி. அதை வாசலுக்குக் கொண்டுபோய் வெயிலில் தூக்கிப் பிடித்தாள். அதற்குள் அவள் முந்தின நாள் முழுக்க நடமாடிக்கொண்டிருந்தாள், பல் விளக்கினாள், பால் கறந்தாள், புருசனுக்குச் சோறு போட்டாள், கதவுக்குப் பின்னால் போய் மூக்கைச் சிந்தினாள். எல்லாம் அதில் இருந்தது, அவளிடம் இல்லை. "ஏ கோதை, நேத்து நான் சாப்ட்டனா" என்று என்னைத்தான் கேட்டாள்.

அதற்கப்புறம் தாரிணி யாரை எடுத்தாளோ அவரவருக்கு மறுநாள் காலையில் அது பாயோரம் கழன்று கிடந்தது, கழன்ற நாள் அவர்கள் நினைப்பிலிருந்து போய்விட்டது. எங்கள் தெருவில் யாரும் வாயைப் பிளந்துகொண்டு நிற்கவில்லை. மாடு ரெட்டைக் கன்று போட்டாலும் இங்கே கேட்கிற முதல் கேள்வி எந்தக் கொட்டிலில் கட்டுவது என்பதுதான். அதற்கு நேத்து என்று பேர் வைத்தார்கள், "உன் நேத்து வாசல்ல கெடக்கு, எடுத்துப் போடு, நாய் இழுத்துக்கிட்டுப் போவப் போவுது" என்று பேசப் பழகிக்கொண்டார்கள், ஏதோ காயப்போட்ட துணியைச் சொல்வது போல.

எங்கே போடுவது என்பதுதான் சண்டை. எருக்குழியில் போட்டார்கள், மக்கவில்லை, மழை பெய்ததும் பால் பொங்குவது மாதிரி மேலே வந்தது. அடுப்பில் போட்டார்கள், சுருண்டு மயிர் கருகின நாற்றம் அடித்ததே தவிர எரியவில்லை. கடைசியில் பரமகுரு தலையைச் சொறிந்துகொண்டு, "ஒடம்புலேர்ந்து கழண்டு விழுறது எல்லாம் ஒரே சாதிதான். எளங்கொடிய என்ன செய்றமோ அதையே இதுக்கும் செய்ங்க" என்றார். மாடு கன்று போட்டபின் விழுகிற இளங்கொடியை நாங்கள் மாடு தின்ன விடமாட்டோம், தின்றால் பால் வற்றிவிடும் என்பார்கள், வைக்கோலில் சுற்றி, கோணிச்சாக்கில் கட்டி, பால் வடிகிற ஆலமரத்தில் கொண்டுபோய்த் தொங்கவிடுவோம். அதே போல ஒவ்வொரு வீட்டு நேத்தும் வைக்கோலுக்குள் போய் ஆலமரத்தில் ஏறியது, வீட்டுக்கு ஒரு கிளை, அண்ணன் தம்பிக்குள் கிளைத் தகராறு, கிளை கிடைக்காதவன் விழுதில் கட்டினான். இளங்கொடி வெயிலில் காய்ந்து சருகாகிவிடும். நேத்து காயவில்லை. மரத்தடியில் சொட்டு சொட்டாக ஏதோ விழுந்துகொண்டே இருந்தது, மஞ்சளுமில்லை வெள்ளையுமில்லை, அதை மிதித்து வந்த செருப்பை நான் வாசலிலேயே கழற்றிவிட்டு அடுப்புச் சாம்பல் போட்டுத் தேய்ப்பேன், என்ன தேய்த்தாலும் அந்த வாசனை போகாது, சோற்றில் கை வைத்தால் சோற்றில் வரும்.

ஆனால் மனுசருக்கு எதுவும் பழகிவிடும், பழகினதும் ஆதாயம் தேடும். ராசாக்கிளி அக்கா புருசன் மாயழகு குடித்துவிட்டு வந்து அவளை அடித்தான், அடித்துக் கை ஓய்ந்ததும் மாடியறைக்கு ஆள் அனுப்பினான், இன்றைக்கு எங்கள் வீட்டை எடுங்கள் என்று. தாரிணி வந்து அடுப்புப் புகையை எடுத்தாள், கவிழ்ந்து கிடந்த சோற்றுப்பானையை எடுத்தாள், அதன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவளையும், கதவில் சாய்ந்திருந்தவனையும் எடுத்தாள், ஜன்னல் வெளிச்சம் அழகாக விழுகிறது என்று சொல்லிக்கொண்டே எடுத்தாள். மறுநாள் இரண்டு பேரும் புதுசாக எழுந்தார்கள். அடித்தது இவனுக்கு நினைப்பில்லை, வாங்கினது அவளுக்கு நினைப்பில்லை, கன்னத்தில் வீக்கம் மட்டும் எங்கிருந்து வந்தது என்று தெரியாமல் இருந்தது. "குளவி கொட்டிருக்குமோ" என்று அவளே என்னிடம் கேட்டாள், நான் சுண்ணாம்பு எடுத்துக் கொடுத்தேன். அப்புறம் தெருவில் பாதி ஆம்பளைகள் மாயழகு வழியில் போனார்கள். சொல்லக்கூடாததைச் சொல்வது, செய்யக்கூடாததைச் செய்வது, கேமராவைக் கூப்பிடுவது. ஞாயிற்றுக்கிழமை சுவரில் அது வரும்போது யாரோ எவரோ என்று பார்த்துச் சிரிப்பது. தன் பெண்டாட்டி அழுகிற முகத்தைப் பார்த்து, "யாருப்பா இது, நல்லா நடிக்குது" என்று ஒருத்தன் கேட்டான். நான் எழுந்து மாட்டுக்கொட்டிலுக்குப் போய் மாட்டின் வயிற்றில் முகத்தை வைத்துக்கொண்டு நின்றேன்.

பொம்பளைகளும் சும்மா இருக்கவில்லை. மாமியார்கள் மருமகள்களின் மூட்டையை அவிழ்த்து வெயிலில் பிடித்துப் பார்க்க ஆரம்பித்தார்கள். எவள் முட்டையை ஒளித்துத் தின்றாள், எவள் மத்தியானம் தூங்கினாள், எவள் அம்மா வீட்டுக்குப் போன் போட்டு என்ன சொன்னாள். எனக்குத் தெரியாமல் தாரிணி என்னை ஒருநாள் எடுத்திருக்கிறாள். அந்த நேத்தை என் மாமியார் செங்கமலம் பால் சங்க வாசலில் எல்லாரையும் வைத்துக்கொண்டு விரித்தாள். வைக்கோல் போருக்குப் பின்னால் நான் உட்கார்ந்து, பால் கட்டி மார் கல்லாகிப் போய், பல்லைக் கடித்துக்கொண்டு தரையில் பீய்ச்சிக்கொண்டிருக்கிறேன், வாய் மாமியாரைத் திட்டுகிறது.

"என்ன திட்டுறா பாரு, உதட்டப் பாரு. பூனை மாதிரி இருந்துக்கிட்டு" என்றாள் அத்தை.

"மருமக திட்டாத மாமியாரு எவ. நீ உன் மாமியாளத் திட்டுனத நாங்க கேக்கலியாக்கும்" என்று ராசாக்கிளி அக்கா எனக்காகப் பேசினாள், ஆனால் அவளும் பார்த்துக்கொண்டேதான் பேசினாள். ஆம்பளைகள் கறவை நேரத்துக்குப் பாலோடு வந்து நின்று அவர்களும் பார்த்தார்கள். என் மார்பை ஊர் முழுக்கக் கை மாற்றி வெயிலில் பிடித்துப் பார்த்தது. அதைவிட எனக்கு வயிறு எரிந்தது இன்னொன்றுக்கு. அந்த ஏட்டின் ஓரத்தில் என் மகள் என்னைப் பார்த்துக் கையைக் கொட்டிச் சிரிக்கிறாள், எதற்குச் சிரித்தாள் என்று எனக்குத் தெரியவில்லை, அந்த நாள் என்னிடம் இல்லை.

என் மகள் பேர் தன்ஷிகா, எண் கணிதம் பார்த்து அவள் அப்பா வைத்தது, அத்தைக்கு அந்தப் பேர் நாக்கில் நிற்காது, குட்டி என்றுதான் கூப்பிடுவாள். அப்போது தவழ்ந்துகொண்டிருந்தாள், சுவரைப் பிடித்து எழுந்து நின்று பொத்தென்று உட்காருவாள். பேச்சு இன்னும் வரவில்லை. பரமகுரு வீட்டுக் கன்றைத் தாரிணி எடுத்த கதை எனக்குத் தெரியும். முதல் நாள் முட்டி முட்டிப் பால் குடித்த கன்று மறுநாள் தாய் மடிக்கு முன்னால் நின்று இது என்ன என்று பார்த்தது, வாயைப் பிடித்துக் காம்பில் வைத்து முதலிலிருந்து பழக்க வேண்டியதாயிற்று. கன்றுக்குப் பழக்கிவிடலாம். என் பிள்ளை என்னை முதல் தடவை அம்மா என்று கூப்பிடுகிற நாள் கழன்று போய்விட்டால் அதை யார் எனக்குப் பழக்கித் தருவது. அதனால் கேமரா தெருமுனையில் தெரிந்தாலே அவளைத் தூக்கிக்கொண்டு கொட்டிலுக்குள் போய்விடுவேன், சேலைக்குள் மூடிக்கொள்வேன்.

"ஊர்ல இல்லாத புள்ளையப் பெத்துட்டா. எல்லார் வீட்டுப் புள்ளையும் சுவத்துல வருது, நம்ம வீட்டுது மட்டும் வரல. எனக்கு அசிங்கமா இருக்கு" என்று அத்தை மகனிடம் முறையிட்டாள்.

"ஒருநாளைக்கி எடுத்தா என்ன ஆயிடும்" என்றார் அவர். நல்லவர்தான், ஆனால் அம்மா சொன்னதற்கும் பெண்டாட்டி சொன்னதற்கும் ஒரே மாதிரி தலையாட்டுகிறவர்.

"ஆகும்" என்று சொன்னேன்.

புல்லறுக்க ஏரிக்கரைக்குப் போன ஒருநாள், சாயங்காலம் புல்லுக்கட்டோடு வாசலில் நுழைகிறேன், என் மகள் உள்ளேயிருந்து நடந்து வருகிறாள். கையை இரண்டு பக்கமும் தூக்கிக்கொண்டு, குடித்தவன் மாதிரி தள்ளாடி, ஒவ்வொரு அடிக்கும் வாய் திறந்து என்னை அம்மா என்று கூப்பிட்டுக்கொண்டு வருகிறாள். புல்லுக்கட்டு என் தலையிலிருந்து எப்போது விழுந்தது என்று தெரியவில்லை. அவளை அள்ளிக்கொண்டு நிமிர்ந்தால் அவளுக்குப் பின்னால் தாரிணி நிற்கிறாள், உள்ளங்கையில் கேமரா, பிள்ளையை மட்டும்தான் எடுத்திருக்கிறாள், நான் அதில் விழவில்லை.

"காலையிலேர்ந்து நடக்கிறா, காலையிலேர்ந்து உன்னத்தான் தேடிக் கூப்புடுறா. பொட்டு விடாம அந்தப் பொண்ணு எல்லாத்தையும் புடிச்சிட்டா" என்றாள் அத்தை, சந்தோசம் தாங்காமல்.

விடிந்தபோது தொட்டிலுக்குக் கீழே அது கிடந்தது. மற்றவர்களுடையதைப் போல ஆள் நீளம் இல்லை, ஒரு வெற்றிலை அகலம்தான், சுருங்கி, எச்சிலில் நனைந்து. தொட்டிலிலிருந்து இறக்கி நிற்க வைத்தேன், கால் மடங்கி உட்கார்ந்தாள். அம்மா சொல்லு என்றேன், என் வாயையே பார்த்தாள். அவள் பார்வையில் ஒரு குறையும் இல்லை, அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

அன்றைக்கு விடியற்காலையில்தான் எங்கள் செவலைப் பசு கன்று போட்டிருந்தது. யாரும் பக்கத்தில் இல்லை, அது தன் இளங்கொடியைத் தானே தின்று முடித்துவிட்டது. அத்தை கொட்டிலில் நின்று அதைத் திட்டிக்கொண்டிருந்தாள், "மூதேவி, தின்னுட்டியே, இனிமே சொட்டுப் பால் வருமா உனக்கு" என்று. செவலையின் மோவாயில் ரத்தக்கோழை தொங்கிக்கொண்டிருந்தது, அதைக்கூட நக்கித் துடைக்காமல் அது கன்றை நக்கிக்கொண்டிருந்தது, திட்டுகிறவளை ஒருதரம் திரும்பிப் பார்த்தது. அந்தப் பார்வையில் கொஞ்சம்கூட வெட்கமில்லை.

நான் வீட்டுக்குள் வந்தபோது அத்தை எனக்கு முந்திக்கொண்டு வந்திருந்தாள். குழந்தையின் நேத்தைத் தாம்பாளத்தில் எடுத்து வைத்து, தெருப் பொம்பளைகளைக் கூப்பிட்டு நடுவீட்டில் காட்டிக்கொண்டிருந்தாள். "மரத்துல கட்ட வேணாம், வாசல்ல கட்டலாம், போறவங்க வர்றவங்க எல்லாம் பாப்பாங்க" என்றாள். ஒருத்தி விரல் வைத்துத் தொட்டுப் பார்த்தாள், தொட்ட விரலைச் சேலையில் துடைத்துக்கொண்டாள்.

நான் தாம்பாளத்திலிருந்து அதை எடுத்து வாயில் போட்டேன்.

அது எப்படி இருந்தது என்று சொல்லாமல் போனால் பொய்யாகிவிடும். புளித்த பால், மூத்திரத் துணி, தரை மண், பிள்ளை வாயில் வைத்துச் சப்பின சாவியின் துரு, எல்லாம் ஒன்றாக நாக்கில் ஒட்டிக்கொண்டது. மெல்ல மெல்ல வாய்க்குள் விரிந்தது, தொண்டையில் துணி மாதிரி அடைத்துக்கொண்டு நின்றது. கண்ணில் தண்ணீர் வந்தது, குடல் மேலே வந்தது, வந்ததைத் திரும்ப விழுங்கினேன்.

"துப்புடி" என்று அத்தை என் கன்னத்தைப் பிடித்து அழுத்தினாள். "சீ, துப்பு. பேயி புடிச்சிருக்கா உனக்கு. தம்பி, வந்து பாரு உன் பொண்டாட்டிய."

அவர் வாசல்படியில் நின்று பார்த்தார். கிட்டே வரவில்லை. நான் வாயைத் திறந்து காலியாக இருப்பதைக் காட்டினேன், சுவரோரம் திரும்பி உட்கார்ந்து பிள்ளைக்குப் பால் கொடுத்தேன்.

அன்றிலிருந்து என் கையால் அவர் தண்ணீர் வாங்கிக் குடிப்பதில்லை. சொம்பை நான் கீழே வைக்க வேண்டும், அவர் எடுத்துக்கொள்வார். நான் கறந்த பாலைச் சங்கத்தில் ஊற்ற வேண்டாம் என்று பரமகுரு சொல்லிவிட்டார். தெருக்குழாயில் நான் நின்றால் குடங்கள் விலகிப் போகும். மரம் நிறைய அழுகலைக் கட்டி அதன் கீழே உட்கார்ந்து சீட்டாடுகிறவர்களுக்கு என் வாயைப் பார்த்தால் அருவருப்பு. செவலைக்குப் பால் வற்றவில்லை, கேனுக்கு மேல் கேனாகக் கறக்கிறது, அதைப் பற்றி மட்டும் யாரும் பேசுவதில்லை.

தாரிணி ஒருநாள் என்னை மாடியறைக்குக் கூப்பிட்டாள். கேமரா அவள் கையில் இல்லை. உள்ளே நுழைந்ததும் முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டேன். கொடி கட்டி, அதில் அவளுடைய நேத்துகளை வரிசையாகத் தொங்கவிட்டிருந்தாள், பெட்டிகளில் மடித்து வைத்திருந்தாள், கட்டிலுக்கு அடியிலும் அதுதான், எந்த ஊருக்குப் போனாலும் சுமந்துகொண்டு போவாளாம். பள்ளிக்கூடம் படிக்கிற காலத்திலிருந்து ஒருநாள் விடாமல் தன்னைத் தானே எடுத்திருக்கிறாள்.

"தின்னப்புறம் அந்த நாள் வந்துச்சா" என்று கேட்டாள்.

"எனக்கு வந்துருச்சுங்க. பாப்பாவோட கண்ணால வந்துருச்சு. தரை ரொம்பக் கிட்டத்துல இருந்துச்சு. நான் வாசல்ல வர்றது தெரிஞ்சுது. நான் அவ்வளவு பெருசா இருந்தேன்" என்றேன். என் வாழ்க்கையில் நான் ஒரே மூச்சில் அவ்வளவு பேசினது அன்றைக்குத்தான்.

அவள் கொடியில் தொங்குவதை விரலால் ஒதுக்கி ஒதுக்கிப் பார்த்தாள். "இதுல எதுலயோ எங்கம்மா செத்த நாள் இருக்கு. படத்த ஓட்டிப் பாத்தா தெரியுது. அழுறேன். ஆனா அழுத மாதிரி இல்ல. யாரோ அழுற மாதிரி இருக்கு" என்றாள்.

"எடுத்துத் தின்னுடுங்க" என்றேன்.

அவள் ஒன்றை எடுத்து உதடு வரைக்கும் கொண்டுபோனாள். ஓங்கரித்து, அதைத் திரும்பக் கொடியில் போட்டுவிட்டு, கையை சோப்புப் போட்டு வெகுநேரம் கழுவினாள். எனக்கு அவள் மேல் இருந்த அருவருப்பு அப்போதும் போகவில்லை, அதன் பக்கத்தில் கொஞ்சம் இரக்கம் வந்து உட்கார்ந்தது, அவ்வளவுதான். "பாப்பாவுக்கு வந்துச்சா" என்று கேட்டாள். நான் படியிறங்கிவிட்டேன்.

ஆனால் மாடியறையில் பேசியது கீழே வராமல் இருக்குமா. ராசாக்கிளி அக்கா வந்து என் முன்னால் இடுப்பில் கை வைத்து நின்றாள். "தின்னா வருமாமே. நெசந்தானா" என்றாள். தலையாட்டினேன். நேராக ஆலமரத்துக்குப் போனாள், தன் வீட்டுக் கிளையை உலுக்கி ஒரு மூட்டையை இறக்கினாள், சீட்டாடிக்கொண்டிருந்தவர்கள் நடுவிலேயே சப்பணம் போட்டு உட்கார்ந்து, வைக்கோலை விலக்கி, பிய்த்துப் பிய்த்துத் தின்றாள். வாந்தியெடுத்தாள், வாயைத் துடைத்துக்கொண்டு மறுபடி தின்றாள். தின்று முடித்துத் தன் கன்னத்தை மெதுவாகத் தடவிக்கொண்டு மாயழகைப் பார்த்தாள்.

"குளவி இல்ல" என்றாள்.

மாயழகு கையில் இருந்த சீட்டைப் போட்டுவிட்டு எழுந்து போனான். இப்போது தினமும் ஒருத்தி இரண்டு பேர் மரத்தடிக்கு வருகிறார்கள், மூக்கைப் பிடித்துக்கொண்டு அவரவர் மூட்டையை அவிழ்க்கிறார்கள், தெருவெல்லாம் ஓங்கரிக்கிற சத்தம், தின்று எழுந்தவள் வீட்டுக்குப் போனதும் அந்த வீட்டில் ஆம்பளைக் குரல் தணிகிறது. கிளைகள் காலியாகிக்கொண்டு வருகின்றன. என்னிடம் அப்போதும் யாரும் தண்ணீர் வாங்கிக் குடிக்கவில்லை. வேண்டாம், அவர்கள் வாங்கிக் குடிக்கிறதை நானும் கேட்கவில்லை, இந்தத் தெருவின் எச்சிலை எல்லாம் பார்த்தபிறகு என் சொம்பில் அவர்கள் வாய் படாமல் இருப்பதே மேல்.

எனக்குத் தெரிய வேண்டியது ஒன்றே ஒன்று. தின்றது நான், நாள் அவளுடையது. என் வயிற்றில் இறங்கினது பாலாகி அவளுக்குள் போகுமா, இல்லை எனக்குள்ளேயே தங்கி என்னோடேயே போய்விடுமா. அன்றிலிருந்து பால் கொடுக்கும்போதெல்லாம் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறேன், குடிக்கிறாள், தூங்குகிறாள், தவழ்கிறாள், சுவரைப் பிடித்து நிற்கிறாள், பொத்தென்று உட்காருகிறாள், கூப்பிடுவதில்லை. அத்தை, "இந்நேரம் சுவத்துலயாவது நடந்திருப்பா, அதையும் சாணியால மூடிட்டா" என்று தெருவுக்குக் கேட்கிற மாதிரி சொல்கிறாள். சுவரில் நடக்கிற பிள்ளை எனக்கு எதற்கு. அவள் ஒருவேளை என்னைக் கூப்பிடாமலே வளர்ந்துவிட்டாலும் அந்தச் சாயங்காலத்தை நானே அவளுக்குச் சொல்லிக்கொண்டிருப்பேன், புல்லுக்கட்டு விழுந்ததை, அவள் கையைத் தூக்கிக்கொண்டு வந்ததை, அவள் கண்ணுக்கு நான் எவ்வளவு பெரிதாக இருந்தேன் என்பதை, வறட்டி தட்டும்போதும் பால் கறக்கும்போதும் சொல்லிச் சொல்லி, அவளுக்கு அது நடந்த மாதிரியே ஆகிற வரைக்கும், இருங்கள், யாரோ கூப்பிடுகிறார்கள், அத்தை இல்லை, அத்தை என்னைப் பேர் சொல்லித்தான் கூப்பிடுவாள், ராசாக்கிளி அக்கா மரத்தடியில் இருக்கிறாள், இது எனக்குப் பின்னாலிருந்து, முழங்கால் உயரத்திலிருந்து, என் சேலையைப் பிடித்து இழுத்துக்கொண்டு